முனவ்வராவின் உள்பாக்கெட்

நான் வந்து உட்கார்ந்த அரை மணி நேரத்தில் முனவ்வரா ஆறாவது முறையாக எழுந்து ஜன்னலுக்குப் போகிறார். நாலு சாண் தையல் ஓட்டுவார், ஊசியைத் துணியிலேயே குத்தி நிறுத்திவிட்டு எழுவார், கீழே குன்னூர் பேருந்து நிலையத்தை ஒரு பார்வை பார்ப்பார், திரும்பி வந்து உட்கார்வார். என் பிளவுஸின் வலது கை இந்த நடைக்கு நடுவேதான் உருவாகிக்கொண்டிருக்கிறது. "எதுக்குக்கா எந்திரிச்சு எந்திரிச்சு பாக்கறீங்க?" என்று கேட்டேன். "சும்மாதானுங்க, காலு மரத்துப்போகுது" என்றவர், நான் நம்பவேண்டுமே என்று காலைத் தரையில் இரண்டு முறை தட்டியும் காட்டினார்.

கடை ஒரு பேக்கரிக்கு மேல் மாடியில் இருக்கிறது. பத்துக்கு எட்டு அறை, ஒரு மெஷின், ஒரு ஸ்டூல். கீழே வர்க்கி பிஸ்கட் வேகும் சூடு தரை வழியாக ஏறி வருவதால் ஜனவரியில்கூட உள்ளே ஸ்வெட்டர் தேவைப்படாது. அளவு கொடுக்க வந்தவர்கள் அந்தச் சூட்டுக்காகவே ஒரு மணி நேரம் ஊர்க்கதை பேசிவிட்டுப் போவார்கள். முனவ்வராவுக்கு நாற்பத்தேழு வயது. கணவர் ஹாஜாவுக்குக் காய்கறி மண்டியில் வேலை. மகள் பர்சானா கோவையில் விடுதியில் தங்கி நர்சிங் படிக்கிறாள். "வியாழக்கிழமை வாங்க, ரெடியா இருக்கும்" என்று முனவ்வரா சொன்னால், எந்த மாதத்து வியாழக்கிழமை என்று கேட்டுக்கொள்வது உத்தமம்.

அவருக்கு யார் பெயரும் நினைவில் நிற்காது. அளவு மட்டும் மறக்காது. "அந்தப் பதிமூணு தோளு புள்ள வந்துச்சு" என்பார். ஒருமுறை மார்க்கெட்டில் முன்னால் போய்க்கொண்டிருந்த ஒரு அம்மாளிடம், "ஏனுங்க, இடுப்புல மூணு இஞ்சு கூடிட்டீங்களே" என்று முதுகுப் பக்கத்திலிருந்தே நலம் விசாரித்தார். அந்த அம்மாள் இப்போது ஊட்டியில் தைக்கக் கொடுக்கிறாராம்.

இந்தக் கடைக்குப் பேர் வாங்கித் தந்தது உள்பாக்கெட். பள்ளிக்கூடத்துப் பெண்கள் சுடிதாருக்கு மேல் போடும் ஓவர்கோட்டின் உள்பக்கம், இடது விலாவை ஒட்டி, வெளியே தெரியாதபடி ஒரு சின்னப் பை. யாரும் கேட்டு அவர் வைத்ததில்லை. எஸ்டேட்டிலிருந்து வரும் பிள்ளைகள் பஸ்ஸில் ஒரு மணி நேரம் போக வேண்டும். மாதத்தில் அந்த மூன்று நாள் நாப்கினை எங்கே வைப்பது என்று தவிப்பார்கள். "பொம்பளப் புள்ளைங்க துணியில ஒரு பாக்கெட் வெக்கறதுக்கு எவனுக்கும் மனசு வராதுங்க. நான் வெச்சேன்" என்பார், கொஞ்சம் கர்வமாகவே. கீழ் பஜாரில் நாலு தையல் கடை இருந்தும் பெண் பிள்ளைகள் இந்த மாடிக்குத்தான் ஏறினார்கள்.

அப்படி ஏறியவர்களில் ஒருத்தி தர்ஷிகா. போன வருடம் பதினொன்றாம் வகுப்பு. ஜெகதளா பக்கம் ஒரு எஸ்டேட்டில், தொழிலாளர்களுக்கு வரிசையாகக் கட்டிய லைன் வீட்டில் அம்மாவும் அவளும் மட்டும். அப்பா திருப்பூருக்கு வேலைக்குப் போனவர், அங்கேயே இன்னொரு குடும்பமாகிவிட்டார். அம்மா மருதாம்பாள் காலை ஏழு மணிக்குத் தேயிலைக் கொழுந்து பறிக்கப் போனால் ஐந்து மணிக்குத்தான் லைனுக்குத் திரும்புவார். இந்தப் பிள்ளையிடம் நாள் முழுக்க ஒரு வார்த்தை பேச ஆள் கிடையாது.

பேசுவதற்கு ஒரு ஆள் ஸ்கூட்டரில் வந்து சேர்ந்தது. முப்பது வயதிருக்கும், சிரித்த முகம். பஸ்ஸை விட்டுவிட்டு நின்ற தர்ஷிகாவை ஒரு நாள் ஜெகதளா வரை கொண்டுபோய் விட்டாள். பிறகு முகத்துக்குப் பூசும் கிரீம், பிறகு ஒரு ஷூ. பிறந்தநாளுக்குக் கேக் வாங்கி அதில் க்ரீமால் பெயர் எழுதிக் கொடுத்தாள். தர்ஷிகா தன் பெயரைக் கேக்கில் பார்த்தது அதுதான் முதல் தடவை. "அக்கா, எனக்கொரு அக்கா கெடச்சிருக்காங்க" என்று இதே ஸ்டூலில் உட்கார்ந்து முனவ்வராவிடம் சொல்லியிருக்கிறாள். அப்புறம் ஒரு போன் வந்தது. போனுக்கு அப்புறம் ஒரு சின்ன வேலை: மேட்டுப்பாளையத்தில் ஒருத்தர் தரும் கவரை வாங்கி வர வேண்டும், அவ்வளவுதான். கவரில் இருந்தது போதை மாத்திரை. யூனிபார்ம் போட்ட பெண் பிள்ளையைச் சோதனைச் சாவடியில் யாரும் தொட்டுப் பார்ப்பதில்லை என்பது அந்த ஸ்கூட்டர்க்காரிக்கு நன்றாகத் தெரியும். மாட்டேன் என்று தர்ஷிகா ஒருமுறை சொன்னபோது, புதுத் துணி போட்டுப் பார்க்கையில் அவளுக்குத் தெரியாமல் எடுத்த படங்களைப் போனில் காட்டினாள் ஸ்கூட்டர்க்காரி. அதோடு பிள்ளை மறுபேச்சில்லாமல் போய்வரத் தொடங்கினாள்.

இதெல்லாம் நடந்துகொண்டிருந்தபோது முனவ்வராவுக்கு அளவு வழியாக ஏதோ சரியில்லை என்று மட்டும் தெரிந்தது. இரண்டு மாதத்தில் இடுப்பு இரண்டு அங்குலம் இளைத்தது. அளவு எடுக்கத் தொட்டால் பிள்ளை திடுக்கிட்டாள். ஒரு நாள் ஸ்கூட்டர்க்காரியே கூட வந்து உட்கார்ந்து, "உள்பாக்கெட் ரொம்ப நல்லாருக்குக்கா, இதையே ரெண்டு பக்கமும், எட்டு இஞ்சு ஆழத்துக்கு வெச்சுக் குடுங்க" என்றாள். தன் கைவேலையை ஒருத்தி பாராட்டினாள் என்ற சந்தோஷத்தில் முனவ்வரா அன்றைக்கே தைத்துக் கொடுத்தார். வியாழக்கிழமை என்றுகூடச் சொல்லவில்லை.

ஆகஸ்டில் தர்ஷிகா மாத்திரையோடு பிடிபட்டாள். பெண் போலீஸ் ஒருவர் அந்த ஓவர்கோட்டோடு மாடியேறி வந்தார். தையலைப் பார்த்ததுமே தன் கைவேலை என்று முனவ்வராவுக்குத் தெரிந்துவிட்டது. "இந்தப் பொண்ணு கூட யாரு வந்தாங்க?" என்று போலீஸ்காரம்மா கேட்டார். "நெறைய பேரு வர்றாங்க. யாருன்னு நெனப்பில்லீங்க" என்றார், ஊரில் யாருடைய தோளையும் மறக்காத முனவ்வரா. அந்த அக்கா யார் என்று தர்ஷிகாவும் படங்களுக்குப் பயந்து சொல்லவில்லை. பிள்ளை நாலு மாதம் காப்பகத்தில் இருந்தாள். ஸ்கூட்டர்க்காரியின் பெயர் எந்தக் காகிதத்திலும் ஏறவில்லை.

இதை என்னிடம் முனவ்வராவே சொன்னபோது எனக்கு வந்தது கோபம்தான். மூஞ்சியில் அடித்தாற்போலக் கேட்டும்விட்டேன். "நான் அவளக் காட்டிக் குடுத்திருந்தா, கோயமுத்தூர்ல தனியா இருக்கற எம்புள்ளைய அவளோட ஆளுங்க ஏதாவது பண்ணிருவாங்களே, நான் என்னங்க பண்றது?" என்று அழுதார். அவர் இடத்தில் நான் இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன் என்று தோன்றி, கோபம் என் மேலேயே திரும்பிக்கொண்டது.

அதிலிருந்து அவர் யாருக்கும் உள்பாக்கெட் வைப்பதில்லை. பிள்ளைகள் கெஞ்சினாலும், "வேண்டாஞ்சாமி, கைல புடிச்சுட்டுப் போ" என்று அனுப்பிவிடுகிறார். பாதிப்பேர் வேறு கடைக்குப் போய்விட்டார்கள். தர்ஷிகா திரும்பி வந்து, இந்த வருடம் குன்னூரிலேயே வேறு பள்ளியில் சேர்ந்திருக்கிறாள். தினமும் நாலேகால் மணிக்குக் கீழே வந்து ஜெகதளா பஸ்ஸுக்கு நிற்பாள். பஸ் கிளம்பும்வரை முனவ்வரா இந்த ஜன்னலை விடுவதில்லை. போன வாரத்திலிருந்து அந்த ஸ்கூட்டரும் எதிர்ப்பக்கம் வந்து நிற்கத் தொடங்கியிருக்கிறது.

ஏழாவது முறை எழுந்தவர் திரும்பவில்லை. நானும் போய்ப் பார்த்தேன். பள்ளிப் பிள்ளைகளின் கூட்டத்தில் தர்ஷிகா நின்றாள். ஸ்கூட்டர்க்காரி அவள் எதிரே நின்று சிரித்துக்கொண்டே ஏதோ சொன்னாள். போனை எடுத்து ஒரு நொடி காட்டினாள். பிள்ளை தலையைக் குனிந்துகொண்டாள். ஸ்கூட்டர்க்காரி வண்டிப் பெட்டியிலிருந்து செய்தித்தாள் சுற்றிய ஒரு பொட்டலத்தை எடுத்து, தர்ஷிகாவின் முதுகுப் பையைத் திறந்து உள்ளே வைத்து, ஜிப்பை இழுத்து, மேலே தட்டியும் கொடுத்தாள். அம்மா பிள்ளைக்கு டிபன் டப்பா வைப்பது போலவே இருந்தது.

"யா அல்லா" என்றார் முனவ்வரா. செருப்புகூடப் போடாமல் படியில் இறங்கினார். நான் பின்னாலேயே ஓடினேன்.

"என்னக்கா, நல்லாருக்கீங்களா?" என்றாள் ஸ்கூட்டர்க்காரி, முகம் மாறாமல். "உங்க கைல பிளவுசு தெச்சு ரொம்ப நாளாச்சு."

"உங்களுக்குத் தோளு பதினாலரை, மாரு முப்பத்தாறு, கை ஒம்போது" என்றார் முனவ்வரா. அந்தக் குரலை நான் அதுவரை கேட்டதில்லை. பஸ் கண்டக்டர் திரும்பிப் பார்த்தார். "போன ஜூலைல இந்தப் புள்ளையக் கூட்டிட்டு எங்கடைக்கு வந்தீங்க. ரெண்டு பக்கமும் எட்டு இஞ்சுல பாக்கெட் வேணும்னு நீங்கதானுங்களே சொன்னீங்க? போலீஸ்காரம்மா கேட்டப்ப நெனப்பில்லைன்னுட்டேன். பொய்யிங்க. எனக்கு எல்லாம் நெனப்பிருக்குது."

கடலை விற்பவர், வரிசையில் நின்ற பெண்கள், பள்ளிப் பிள்ளைகள் எல்லோரும் பார்த்தார்கள். ஸ்கூட்டர்க்காரியின் சிரிப்பு போய்விட்டது. பொட்டலத்தைத் திரும்பக் கேட்க வாய் வராமல் வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனாள். கண்டக்டர் வண்டி எண்ணைச் சத்தமாகப் படித்தார், நான் போனில் குறித்துக்கொண்டேன்.

தர்ஷிகா பேருந்து நிலையத்தை ஒட்டி ஓடும் ஆற்றுப் பக்கமாக நகர்ந்தாள். "இதத் தண்ணில எறிஞ்சிர்றேங்க்கா. போலீஸ் ஸ்டேஷனுக்கு மட்டும் வேண்டாம். பை எங்கிட்டத்தான இருக்கு, மறுபடியும் என்னையத்தான் காப்பகத்துக்கு அனுப்பிருவாங்க." முகமெல்லாம் வெளிறிப்போயிருந்தது.

முனவ்வரா அவளைப் பிடித்து நிறுத்தினார். பிள்ளையின் தோளிலிருந்து பையைக் கழற்றினார். பட்டை அவருக்கு எட்டவில்லை. இழுத்துத் தளர்த்தி, ஒரு கையை விட்டு, பிறகு மறு கையையும் விட்டு, முக்காட்டுக்கு மேலேயே பள்ளிக்கூடத்துப் பிள்ளைபோல இரண்டு தோளிலும் மாட்டிக்கொண்டு, வெறுங்காலோடு ஸ்டேஷன் மேட்டில் ஏறத் தொடங்கினார்.