எட்டு லீவர்

1. டெல்லியில் நடக்கும் கைவினைக் கண்காட்சிக்கு மூன்றடி உயரத்தில் ஒரு திண்டுக்கல் பூட்டு வேண்டும் என்று கைவினை அலுவலகத்தில் கேட்டார்கள்.
2. அத்தாச்சி ஒப்புக்கொண்டார்.
3. சாவி முழுமையாகச் செய்யப்பட்டது. பூட்டுக்கு வெளிக்கூடு மட்டும் செய்யப்பட்டது.
4. அது சரியாக இயங்குகிறது என்று நான் சான்றளித்தேன்.
5. அத்தாச்சி உண்மையைச் சொன்னார். நான் சொல்லவில்லை.

வத்தலக்குண்டு சாலையில் உள்ள வால்வு தொழிற்சாலையில் தரப் பரிசோதனை என் வேலை. எதையும் வரிசை எண் போட்டு எழுதுவது அங்கே வந்த பழக்கம். அத்தாச்சி என் பெரியப்பா மகனின் மனைவி. அண்ணன் திருப்பூருக்கு வேலைக்குப் போன பிறகு நாகல் நகரில் இருந்த பூட்டுப் பட்டறையை அவர்தான் நடத்தினார். நாற்பது வயது. அரம் பிடித்த கையோடு பேசுவார். பேச்சுக்காக அரம் நின்றதில்லை. இந்தக் கண்காட்சிக்கு முன்பு எனக்கும் பூட்டுக்கும் இருந்த உறவு வேறு மாதிரியானது. கோயம்புத்தூரில் படித்தபோது திண்டுக்கல் என்று சொன்னால் போதும், விடுதியில் எல்லோரும் "பூட்டு ஊரா?" என்பார்கள். பெருமையாக இருக்கும். அன்றுவரை நான் ஒரு அரத்தைக்கூடத் தொட்டதில்லை. யாரோ ராவிய இரும்பில் எனக்கும் ஒரு அடையாளம் கிடைத்திருந்தது, அவ்வளவுதான்.

கண்காட்சிக்குப் பன்னிரண்டு நாள் இருந்தது. அத்தாச்சியின் பட்டறையில் முதலில் சாவி பிறக்கும். பிறகு அந்தச் சாவியின் ஒவ்வொரு பல்லுக்கும் பொருந்துமாறு உள்ளே லீவர் என்னும் தகடுகளை ஒவ்வொன்றாக ராவிச் சேர்ப்பார்கள். வேறு எந்தச் சாவிக்கும் அந்த லீவர்கள் சேர்ந்து எழும்பாது. இந்தப் பூட்டுக்கு முழங்கை நீளத்தில் எட்டுப் பல் வைத்த சாவியை அவர் ஐந்து நாளில் முடித்தார். அதன் பிறகு பித்தளைக் கூடு. லீவருக்கு நாள் போதவில்லை. வாசலில் உட்கார்ந்து கணக்குப் போட்டு, உள்ளே ஒரே ஒரு சுருள்வில்லை மட்டும் வைத்து மூடிவிடலாம் என்று சொன்னது நான்.

"யார் அத்தாச்சி தொறந்து பாக்கப் போறா? மேடையிலதான நிக்கப் போகுது."

"நாடகத்துக்கு அட்டக்கத்தி செய்யிற மாதிரிங்கிற." அரம் ஓடிக்கொண்டே இருந்தது. "செத்த நேரம் நிக்கட்டும். ஆனா திரும்பி வந்ததும் லீவரப் போட்டுருவேன். அதுவரைக்கும் இது எம் பூட்டுன்னு வெளிய சொல்லாத."

அனுப்பும்போது ஒரு படிவம் வந்தது. பொருள் இயங்குகிறது என்று தொழில்நுட்பம் படித்த ஒருவர் கையெழுத்திட வேண்டும். வளையம் திறந்தது, மூடியது. நான் கையெழுத்திட்டேன்.

பூட்டு டெல்லியில் நன்றாகப் பேசப்பட்டது. நாட்டின் கைத்திறனுக்குச் சாட்சி என்று அதன் கீழே எழுதி வைத்திருந்த படம் எல்லோருடைய கைபேசிக்கும் வந்தது. எதிர்ப் பட்டறைக்காரர் தெருவில் நின்றபடியே கேட்டார்: "என்னத்தா, டெல்லியவே பூட்டிட்டியாம்ல. சாவிய எங்க வச்சிருக்க?" அத்தாச்சி தலை நிமிராமல், "இடுப்புலதான். ஒங்க வாய்க்கும் ஒண்ணு செஞ்சு வச்சிருக்கேன், வாங்க" என்றார். தெருவே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. அந்த நாட்களில் மற்ற வேலைகளைத் தள்ளி வைத்துவிட்டு எட்டு லீவர்களையும் ராவிக்கொண்டிருந்தார்.

பூட்டு திரும்பி வந்தது. ஆனால் பட்டறைக்கு வரவில்லை. பூங்கா வாசலில் பீடம் கட்டி ஊரின் சின்னமாக நிறுத்தப்போவதாகச் சொன்னார்கள். எட்டு லீவர்களையும் சாக்குப் பையில் போட்டு எடுத்துக்கொண்டு அத்தாச்சி என்னையும் அழைத்துக்கொண்டு அலுவலகத்துக்குப் போனார். அதிகாரி மரியாதையான மனிதர். உட்காரச் சொன்னார்.

"ரெண்டே நாள் குடுங்க சார். உள்ள ஒண்ணும் இல்ல. கரண்டிக் காம்ப விட்டாலும் தொறக்கும். நாலு சனம் வந்து பாக்குற எடம். அப்பிடியே நிக்கக் கூடாது சார்."

அதிகாரி கோப்பிலிருந்து என் சான்றிதழை எடுத்தார். "இது உங்க கையெழுத்துதானம்மா?"

"ஆமா சார்."

"அப்ப பூட்டு வேலை செய்யுதா, செய்யலையா?"

எங்கள் தொழிற்சாலையில் செய்யாத சோதனைக்குக் கையெழுத்திட்டவர் மறுநாள் வேலையில் இருக்க மாட்டார். அந்த ஒரு கணத்தில் எனக்கு நினைவு வந்தது அது மட்டும்தான். "நான் சோதிச்ச அன்னைக்கு வேலை செஞ்சுது சார்" என்றேன். பொய் என்று யாரும் நிரூபிக்க முடியாத வாக்கியம்.

அதிகாரி அத்தாச்சியின் பக்கம் திரும்பினார். "பாத்தீங்களா. நாடே பாராட்டுன பொருள். செஞ்ச நீங்களே இப்பிடிக் கொறச்சுப் பேசலாமா? நாலு பேர் காதுல விழுந்தா ஊருக்குத்தான கெட்ட பேரு?"

பையைத் தூக்கிக்கொண்டு அத்தாச்சி வெளியே வந்தார். பேருந்தில் என் பக்கத்தில்தான் உட்கார்ந்தார். பேருந்து பேகம்பூரைத் தாண்டியது. பிறகு, "எம்புட்டுத் தெளிவாச் சொன்ன. படிச்ச புள்ளயில்ல" என்றார். அவர் என்னிடம் கடைசியாகச் சொன்னது அதுதான்.

அலுவலகத்தில் அவர் சொன்னது தெருவுக்கு வர ஒரு வாரம் ஆகவில்லை. ஒருத்தி பேச்சால் எல்லோருடைய பூட்டையும் சந்தேகப்படுவார்கள் என்று பூட்டுக்காரர்கள் கொதித்தார்கள். பூட்டுத் தொழிலாளர் சங்கத்தின் வழியாக வரும் வேலை அவருக்கு நின்றது. அவர்கள் கோபத்தில் நியாயம் இல்லை என்று என்னால் சொல்ல முடியவில்லை. அவர்கள் பூட்டுகளில் லீவர் இருந்தது. ஊரின் பேரைக் காப்பதாக நினைத்துத்தான் எல்லோரும் நடந்துகொண்டோம். அதிகாரியும், தெருக்காரர்களும், நானும். அந்தப் பேர் எதனால் வந்தது என்று தெரிந்தவர் அந்த அறையில் ஒருவர்தான் இருந்தார். அவரைத்தான் வெளியே அனுப்பினோம்.

இன்றைய நிலை இது. பூட்டு பூங்கா வாசலில் நிற்கிறது. அதன் முன் நின்று குடும்பங்கள் படம் எடுத்துக்கொள்கின்றன. அத்தாச்சி வேடசந்தூர்ப் பக்கம் ஒரு நூற்பாலைக்கு வேலைக்குப் போகிறார். என் சான்றிதழ் தவறானது என்று அந்த அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். கையெழுத்தும் போட்டிருக்கிறேன். இன்னும் கொடுக்கவில்லை.