மூடிக்காரர்

இன்று காலை, நான் இப்போது குடியிருக்கும் செங் வட்டாரத்தில் ஒரு லாரி சாக்கடை மூடிமேல் ஏறி டங்கென்று சத்தம் எழுப்பியது. அந்தச் சத்தம் கேட்டால் எனக்கு அப்பா ஞாபகம்தான் வரும். பாசத்தோடு என்று பொய் சொல்ல மாட்டேன்.

தொண்ணூறுகளில் நாங்கள் புக்கிட் காத்திலில் குடியிருந்தோம். ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா சைக்கிளில் ஊரைச் சுற்றி, லோங்காங் என்கிற சாக்கடைக் குழிகளின் இரும்பு மூடிகளைத் தேடிப் போவார். மூடிமேல் தாளை விரித்து, மெழுகுப் பென்சிலால் தேய்த்து, அதிலுள்ள எழுத்துகளைப் பதித்தெடுப்பார். அதைத் தெருப் பெயரோடு நோட்டில் ஒட்டுவார். வீடெங்கும் மெழுகும் பசையும் கலந்த வாடை. தெருவில் அவரை 'மூடிக்காரர்' என்றார்கள். மனசுக்குள் நானும் அப்படித்தான் அழைத்தேன்.

ஒரு மழை நாளில் பாசாரிலிருந்து காய்கறிப் பையோடு திரும்பிய அம்மா, மூடி திருட்டுப்போன குழியில் விழுந்து காலை உடைத்துக்கொண்டார். மருத்துவமனையில் அப்பா சொன்னார்:

"அந்த மூடி போன வாரமே இல்லலா. நோட்டுல எழுதி வெச்சிருக்கேன்."

அம்மா அவரை நிமிர்ந்து பார்த்தார். "ஆபீஸ்ல போயி சொன்னீங்களா?"

"அது நம்ம வேலையா?"

மாவுக்கட்டோடு அம்மாவே டாக்சி பிடித்து நகராட்சிக்குப் போய்ச் சொன்னார். மூன்றாம் நாள் புது மூடி வந்தது. அன்று மாலையே அப்பா தாளும் பென்சிலுமாக அதன்முன் மண்டியிட்டிருந்தார்.

இப்போது அவருக்கு எழுபது வயது தாண்டிவிட்டது. அந்த நோட்டுகளைப் பார்க்கக் கல்லூரிப் பிள்ளைகள் வருகிறார்கள். "அங்கிள், நீங்க கிரேட்லா," என்கிறார்கள். அம்மா காலைச் சாய்த்துச் சாய்த்து நடந்துவந்து அவர்களுக்குத் தேநீர் வைக்கிறார்.