பெருநாளுக்குத் தள்ளிவைத்த தவணை

ஷுக்ரிக்கு யாரையாவது நாலு வார்த்தை திட்டாவிட்டால் காலைக் காபி உள்ளே இறங்காது. அம்மான் நகரத்து மார்க்கா அரசு சுகாதார நிலையத்தில் இரத்தம் எடுக்கிற வேலை அவருக்கு. வரிசையில் வருகிறவர்களில் பாதிப் பேர் சர்க்கரைக்காரர்கள். பரிசோதனைக்கு முந்தைய இரண்டு நாள் மட்டும் வாயைக் கட்டிவிட்டு, பரம சாதுவாகக் கையை நீட்டுவார்கள். ஷுக்ரிக்கு அதுதான் பொறுக்காது.

"ரெண்டு நாள் குனாஃபா, இனிப்புன்னு தின்னாம வந்தா என்னை ஏமாத்திடலாம்னு நினைப்பா, ஹாஜி? இது நேத்து நீங்க தின்னதைப் பாக்கற டெஸ்ட் இல்ல. மூணு மாசமா நீங்க அடிச்ச கூத்தை அப்படியே சொல்லிடும்" என்று சொல்லிக்கொண்டே ஊசியை இறக்குவார். கை மட்டும் பஞ்சு மாதிரி. குத்தியதே தெரியாது. அதற்காகவே ஜனங்கள் திட்டையும் வாங்கிக்கொண்டு அவரிடம் வந்து நின்றார்கள்.

மதியம் இரண்டு மணிக்கு அந்த வெள்ளைக் கோட்டைக் கழற்றினால், நாலு மணிக்கு டாக்டர் பிஷாராவின் தனியார் ஆய்வகத்தில் இன்னொரு வெள்ளைக் கோட்டை மாட்ட வேண்டும். வீடு திரும்ப இரவு பத்தாகிவிடும். பிள்ளைகள் மூன்று பேரும் அப்பா இல்லாத சாப்பாட்டு மேசையிலேயே வளர்ந்து பெரியவர்களானார்கள். ஏன் இந்தப் பாடு என்று கேட்டால் ஒரே பதில்தான். தபர்பூரில் மூன்றாம் மாடியில் ஒரு வீடு, அதன் மேல் வங்கிக் கடன். முப்பத்தைந்தாயிரம் தினார். அரசாங்கச் சம்பளம் கணக்கில் விழுந்த அன்றே பாதியை வங்கி எடுத்துக்கொள்ளும். மீதியை வைத்துக்கொண்டு ஐந்து வயிறு அம்மானில் ஒரு மாதம் ஓட்ட முடியாது. ஆகவே மாலை வேலை. கடன் முடிகிற அன்று அந்த வேலைக்கு ஒரு பெரிய கும்பிடு. இதை மனைவி ஹைஃபாவிடம் எத்தனை முறை சொல்லியிருப்பார் என்பதற்குக் கணக்கே கிடையாது.

கடனைப் பற்றி ஒன்றும் தெரியாத மண்டு என்று அவரை நினைத்துவிட வேண்டாம். அவரிடம் ஒரு கணக்கு இருந்தது. இருபது வருடக் கடன். எங்கள் ஊரில் ஒவ்வொரு பெருநாளுக்கும் வங்கிகள் பெரிய மனது பண்ணி அந்த மாதத் தவணையைத் தள்ளிவைக்கும். நோன்புப் பெருநாளுக்கு ஒன்று, ஹஜ்ஜுப் பெருநாளுக்கு ஒன்று. செய்தி வந்ததும் தெருவே குளிர்ந்துபோகும். துணிக்கடையில் கூட்டம் நெரியும். தள்ளிவைத்த மாதங்கள் வால் மாதிரி கடைசியில் போய் ஒட்டிக்கொள்ளும், அவ்வளவுதானே? ஷுக்ரி அந்த வாலையும் எண்ணி, மூன்று வருடத்துக்கு மேல் கூட்டிப் போட்டுத்தான் வைத்திருந்தார். அந்தக் கணக்குப்படி இந்தக் குளிர்காலத்தோடு கடன் தீர்ந்தது.

தீர்ந்த சந்தோஷத்தில் ஒரு பெரிய தட்டு குனாஃபா வாங்கிக்கொண்டு பிஷாராவின் ஆய்வகத்துக்குப் போனார். எல்லோர் வாயிலும் ஒரு துண்டைத் திணித்து, விடைபெற்றுக்கொண்டு வந்துவிட்டார். மறுநாள் மாலை, பல வருடங்களுக்குப் பிறகு, வீட்டில் உட்கார்ந்து பருப்பு சூப் குடித்தார். கடைக்குட்டி ஷஹத் அவரை விருந்தாளியைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.

அந்த வார வியாழக்கிழமை, பாக்கி இல்லை என்று ஒரு கடிதம் வாங்க வங்கிக்குப் போனார். மேசைக்கு அந்தப்பக்கம் ரஹஃப் என்று ஒரு பெண். அவர் மகள் வயதுதான் இருக்கும். திரையைப் பார்த்தாள். அவரைப் பார்த்தாள். மறுபடி திரையைப் பார்த்தாள்.

"அம்மோ, கடன் முடிஞ்சதுன்னு உங்களுக்கு யார் சொன்னது?" பெரியவர்களை எங்கள் ஊரில் அப்படித்தான் கூப்பிடுவார்கள், சித்தப்பா என்கிற மாதிரி.

"யார் சொல்லணும்? நான்தானே கட்டுறேன்."

"இன்னும் இருபதாயிரத்துக்கிட்ட நிக்குது. இதே தவணையில போனா ஒம்பது வருஷம் ஆகும்."

ஷுக்ரி சிரித்தார். வேறு யாருடைய கணக்கையோ பார்க்கிறாள் என்று நினைத்து, அடையாள அட்டையை எடுத்து அவள் முன்னால் வைத்தார். அவள் அதைத் தொடக்கூட இல்லை.

"உங்களதுதான் அம்மோ. ஒவ்வொரு பெருநாளுக்கும் தள்ளி வாங்கியிருக்கீங்க. ஒண்ணு விடல."

"தள்ளி வாங்கினதையும் சேர்த்துத்தான்மா எண்ணியிருக்கேன்."

"மாசத்தை எண்ணியிருக்கீங்க. வட்டியை எண்ணலையே. தள்ளிப் போட்டது தவணையைத்தான், வட்டி எங்கேயும் தள்ளிப் போகல. ஆரம்பத்துல நீங்க கட்டுன தவணையில முக்கால்வாசி வட்டி, கால்வாசிதான் அசல். ஒரு மாசம் கட்டாம விட்டா அந்த மாசத்து வட்டி அசல் மேல ஏறி உட்கார்ந்துக்கும். அதை இறக்கவே அடுத்த மூணு மாசத்து அசல் சரியாப் போயிடும். நீங்க ஒரு மாசம்னு நினைச்சீங்க. பின்னாடி போனது நாலு மாசம். அதுவும் வருஷத்துக்கு ரெண்டு தடவை. நடுவில வட்டி வேற ஏறிச்சு. உங்களுக்குக் கஷ்டமா இருக்கக் கூடாதுன்னு தவணையை ஏத்தாம வருஷத்தை ஏத்தியிருக்காங்க."

"கஷ்டமா இருக்கக் கூடாதுன்னா?" என்று ஷுக்ரி திருப்பிச் சொன்னார். அறுபதில் ஓய்வு. ஒன்பது வருடம் கழித்து அவருக்கு அறுபத்தாறு. "இதையெல்லாம் அப்பவே ஒருத்தர் சொல்லியிருக்கக் கூடாதா?"

"யாரும் கேக்க மாட்டாங்க அம்மோ. பெருநாள் தவணை தள்ளிவைக்கலைன்னாதான் சண்டைக்கு வருவாங்க" என்றாள் ரஹஃப். பாவம், அந்தப் பெண்ணின் முகத்தில் நிஜமான வருத்தம் இருந்தது. அதுவும் அவருக்கு எரிச்சலைத்தான் கிளப்பியது.

வீட்டுக்கு வந்து ஹைஃபாவிடம் சொன்னார். அவள் மாவு பிசைந்த கையோடு அப்படியே நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"ஊர்ல இருக்கற ஹாஜி, ஹஜ்ஜா ஒருத்தரையும் விடாம மூணு மாசக் கணக்கு கேப்பீங்களே. நம்ம கடனுக்கு ஒரு தடவை ரத்தம் எடுத்துப் பாத்தீங்களா?"

"நீ மட்டும் என்ன? தள்ளிவைச்ச காசுல போன வருஷம் வரவேற்பறைக்குத் திரை வாங்கல?"

"திரை வாங்கினது ஒரே ஒரு வருஷம். மிச்ச வருஷமெல்லாம் எங்கே போச்சு? உங்க அஞ்சு தங்கச்சிங்க கையில."

எங்கள் ஊர் வழக்கம் அது. பெருநாள் தொழுகை முடிந்ததும் ஒவ்வொரு ஆண்பிள்ளையும், கட்டிக்கொடுத்த தங்கைகள் வீட்டுக்கெல்லாம் ஏறி இறங்க வேண்டும். ஒவ்வொருத்தி கையிலும் நோட்டை வைத்து அழுத்த வேண்டும். அண்ணன் வராத பெண்ணைப் புகுந்த வீட்டில் பெருநாள் முழுக்கப் பேச்சாலேயே குத்துவார்கள். ஷுக்ரி ஆளுக்கு இருபது தினாருக்குக் குறைந்து கொடுத்ததில்லை. வங்கி தள்ளிவைத்த தவணைதான் அந்த இருபதுகளாக மாறி ஐந்து வீட்டுக்கும் போனது. ஒரு தங்கையாவது புருஷன் முன்னால் தலைகுனியக் கூடாது என்று இவர் இங்கே தலையை அடகு வைத்திருந்தார்.

மறுபடியும் பிஷாராவிடம் போய் நின்றார். டாக்டர் நல்ல மனிதர்தான், ஆனால் வாய் சும்மா இருக்காது. ஸுஹைபின் அப்பா என்று மகன் பெயரைச் சேர்த்துத்தான் ஷுக்ரியைக் கூப்பிடுவார்.

"என்ன அபூ ஸுஹைப், நீங்க குடுத்த குனாஃபா இன்னும் ஜீரணமே ஆகல. அதுக்குள்ள வந்துட்டீங்க?"

"கிண்டல் பண்ணாதீங்க டாக்டர். வேலை இருக்கா, இல்லையா?"

உங்கள் இடத்துக்கு ஒரு பெண்ணை எடுத்தாகிவிட்டது என்றார் பிஷாரா. வெள்ளி, சனியோடு பெருநாள் விடுமுறை நாட்களும் வருவதானால் சரி, பழைய சம்பளத்தில் பாதி. ஷுக்ரி தலையை ஆட்டினார். வேறு என்ன செய்ய?

நோன்பு வந்தது. கடைசிப் பத்து நாளில் வழக்கம்போலக் கைபேசிகள் கிணுகிணுத்தன. இந்த மாதத் தவணை தள்ளிவைப்பு, வேண்டாதவர்கள் மட்டும் கிளைக்கு நேரில் வரவும். கீழ்வீட்டு அபூ ரகத் படியிலேயே அவரைக் கட்டிக்கொண்டு வாழ்த்துச் சொன்னான். ஷுக்ரிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மறுநாள் நோன்பு வயிற்றோடு வங்கிக்குப் போய், எனக்கு வேண்டாம் என்று கையெழுத்துப் போட்டார். காவலாளி அவரை ஏற இறங்கப் பார்த்து, "உங்களுக்கென்ன பெரியவரே, பணக்காரர்" என்றான்.

பெருநாள் விடிந்தது. புதுத்துணி ஷஹத்துக்கு மட்டும். தொழுகை முடிந்து, பையில் ஐந்து தினார் நோட்டுகள் ஐந்தைச் செருகிக்கொண்டு ஷுக்ரி கிளம்பினார். நாலு மணிக்கு ஆய்வகத்தில் இருக்க வேண்டும், அதற்குள் ஐந்து வீடு. இருபது போன இடத்துக்கு ஐந்து. வண்டி ஓட்டும்போதே காது மடல் சுட்டது.

முதலில் ஸர்க்காவில் இருந்த மூத்த தங்கை நஜாஹ் வீடு. வரவேற்பறையில் அவள் புருஷன் அபூ ஃபிராஸும் அவனுடைய தம்பிகள் இருவரும் மஅமூல் பலகாரத் தட்டைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். ஷுக்ரி தங்கையின் கையில் நோட்டை அழுத்தினார். மடித்துக் கொடுத்தும் பயனில்லை. ஐந்து தினாரின் நிறம் ஐந்து தினாரின் நிறம்தானே.

"என்ன மச்சான், இந்த வருஷம் நோட்டும் நோன்பு வைச்சு இளைச்சுப் போச்சா?" என்றான் அபூ ஃபிராஸ். தம்பிகள் இருவரும் காபிக் கோப்பைக்குள் சிரித்தார்கள். "எங்க பேங்க்ல தள்ளிவைச்சுட்டாங்களே. உங்க பேங்க்ல இல்லையா? எனக்கு அடுத்த வருஷத்தோட கடனே முடியுது, அல்ஹம்துலில்லாஹ். அப்புறம் வீடு முழுக்க நம்மளது."

ஷுக்ரி ஒரு மஅமூலை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார். "அண்ணே, இந்தத் தட்டைக் கொஞ்சம் வாங்கிக்கோ" என்று நஜாஹ் அவரைச் சமையலறைக்குள் கூப்பிட்டாள். அங்கே தட்டு எதுவும் இல்லை. அவள் கதவைச் சாத்தினாள். அழப்போகிறாள் என்று நினைத்து அவர் தயாரானார்.

"இனிமே இந்த அஞ்சும் வேணாம்ணே."

"கோபமா நஜாஹ்? என் நிலைமை..."

"கோபமில்ல. நீ குடுத்த இருபதை நான் என்ன செஞ்சேன்னு நினைச்சே? சேர்த்து வைச்சேனா? மறுநாள் உன் பிள்ளைங்க இங்க வருவாங்கள்ல. ஸுஹைபுக்குப் பத்து, மத்த ரெண்டுக்கும் பத்துப் பத்து. நீ இருபது குடுத்த வீட்டிலேர்ந்து முப்பதாவது திரும்பலைன்னா இவருக்கு மானம் போயிடும். அதுக்குத்தான் இவரும் ஒவ்வொரு பெருநாளுக்கும் தவணையைத் தள்ளினாரு."

ஷுக்ரி மனதுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்தார். அவருடைய வீட்டை அடகு வைத்துப் போன இருபது, அவள் வீட்டையும் அடகு வைத்துக்கொண்டு முப்பதாக அவருடைய பிள்ளைகளிடமே திரும்பி வந்திருக்கிறது. அதைப் பிள்ளைகள் ஒரே மாலையில் பொம்மைத் துப்பாக்கிக்கும் உருளைக்கிழங்குச் சிப்ஸுக்கும் செலவழித்தார்கள். இவர் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். அத்தை வீட்டுக் காசு, தாராளக் கை என்று பெருமைகூடப் பட்டிருக்கிறார். நோட்டுகள் உறவுக்குள்ளேயே சுற்றின. வெளியே போனது வங்கிக்குப் போன வட்டி மட்டும்தான். ஒன்பது வருடம். இருபது வருடத்துக்கு மேல் பிள்ளைகளோடு சாப்பிடாமல் சம்பாதித்து, மிச்சம் ஒன்பது வருடத்தை மரியாதைக்காகவே தொலைத்திருக்கிறார். யாரையாவது ஓங்கி அறைய வேண்டும்போல இருந்தது. யாரை அறைவது?

"ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேடி" என்றார்.

"எப்படிண்ணே சொல்றது? தங்கச்சி பெருநாள் காசு வேணாம்னா, உறவை முறிச்சுக்கிட்டான்னு ஊர் சொல்லும். நீயா எப்ப நிறுத்துவேன்னு ஒவ்வொரு வருஷமும் பாத்துக்கிட்டே இருந்தேன். இன்னிக்கு அந்த அஞ்சைப் பாத்ததும்தான் எனக்கு மூச்சு வந்துச்சு."

வரவேற்பறையிலிருந்து அபூ ஃபிராஸ் காபி எங்கே என்று குரல் கொடுத்தான். ஷுக்ரி கதவின் கைப்பிடியைப் பிடித்தார்.

"அவரோட கடன் அடுத்த வருஷம் முடியாது நஜாஹ். நான் சொல்லட்டுமா?"

"பெருநாள் முடியட்டும்ணே. இன்னிக்கு ஒரு நாளாவது சிரிச்சுக்கிட்டு இருக்கட்டும்."

அவர் வரவேற்பறைக்குத் திரும்பிக் காபியைக் குடித்தார். அபூ ஃபிராஸ் சொன்ன இன்னும் இரண்டு நக்கல்களையும் கேட்டுக்கொண்டார். கையைக் குலுக்கிவிட்டுப் படியிறங்கினார்.

அடுத்தது ருஸைஃபாவில் இருந்த இரண்டாவது தங்கை மைஸூன் வீடு. வழியெல்லாம் தனக்குத்தானே பேசிக்கொண்டு ஓட்டினார். அவள் கதவைத் திறந்ததும் இவர் வாழ்த்துச் சொல்லவில்லை, பைக்குள் கையும் விடவில்லை.

"மைஸூன், உங்க வீட்டுக் கடன் எப்ப முடியும்னு என்னிக்காவது பேங்க்ல போய்க் கேட்டிருக்கியா?"

மைஸூன் திரும்பி, புருஷன் எங்கே இருக்கிறான் என்று பார்த்தாள். பிறகு வாசலுக்கு வெளியே வந்து, தனக்குப் பின்னால் கதவை இழுத்துச் சாத்திக்கொண்டாள்.

"நான் போய்க் கேட்டதை உனக்கு யாருண்ணே சொன்னது?" என்றாள்.