குல்மோகரில் ஏழு பொத்தல்கள்

எங்கள் வாகட் குடியிருப்பின் வாட்ஸப் குழுவில் நேற்று காலை ஒரு படம் வந்தது. புல்தரையில் கொண்டையை விரித்துக்கொண்டு நிற்கிற ஒரு கொண்டலாத்தி. கீழே, "வாகட்டில் மரங்கொத்தி" என்று பெருமையாக எழுதியிருந்தார்கள். அதற்குள் முப்பது பேர் கட்டைவிரலைத் தூக்கியிருந்தார்கள். "இது மரங்கொத்தி இல்லை" என்று அடித்தேன், அழித்தேன். மறுபடி அடித்தேன், மறுபடி அழித்தேன். மரங்கொத்தியைப் பற்றி ஒருமுறை எழுதிக் கொடுத்துப் பட்டதே போதும்.

தவிர, அந்தத் தப்பைத் திருத்த எனக்கு யோக்கியதையும் கிடையாது. கல்யாணமாகிக் கோயம்புத்தூரிலிருந்து இந்த மராத்திக்காரர்கள் ஊருக்கு வந்த புதிதில் நானும் கொண்டலாத்தியைத்தான் மரங்கொத்தி என்று நினைத்திருந்தேன். பிறகு அப்போது நாங்கள் குடியிருந்த சிஞ்ச்வட் வீட்டுக்கு எதிரே நாள் முழுக்க "டொக், டொக்" என்று கேட்ட சத்தத்துக்கு ஒரு மாதம் ஏமாந்தேன். அது கொத்துகிற சத்தமே இல்லை. குக்குறுவான் என்கிற சின்னப் பச்சைப் பறவை தொண்டையால் போடுகிற சத்தம். மராத்தியில் அதற்குத் தாம்பட் என்று பெயர், செம்பு தட்டுகிறவன். மரங்கொத்திக்கு சுதார், தச்சன். இந்த ஊர்க்காரர்கள் பறவைகளுக்கெல்லாம் வேலை போட்டுக் கொடுத்திருக்கிறார்கள்.

சத்தத்துக்கு ஏமாந்தேன் என்று சொல்ல எனக்கு வெட்கமாக இருக்கும். என் பிழைப்பே சத்தம்தான். சிஞ்ச்வட்டில் ஒரு வார்ப்படப் பட்டறையில் இன்ஸ்பெக்‌ஷன் வேலை. வார்த்து வந்த இரும்புத் துண்டைச் சின்னச் சுத்தியலால் தட்டிக் கேட்க வேண்டும். மணி மாதிரி ஒலித்தால் நல்லது. "டப்" என்றால் உள்ளே விரிசலோ பொத்தலோ இருக்கிறது, சிவப்புப் பெயின்ட் வைத்து ஒதுக்கி, ரிப்போர்ட் எழுத வேண்டும். வீட்டுக்கு வந்தும் கை சும்மா இருக்காது. தேங்காய், சுவர், டிபன் டப்பா எல்லாவற்றையும் தட்டுவேன். "உன் மாப்புள்ள தலையையும் ஒருநா தட்டிப் பாரு புள்ள," என்பார் பக்கத்து வீட்டு பாத்திமா லாத்தா.

லாத்தாவுக்குக் காயல்பட்டினம். அவர்கள் ஊரில் அக்காவை லாத்தா என்பார்கள், அண்ணனைக் காக்கா என்பார்கள். மராத்தியில் காக்கா என்றால் சித்தப்பா. அந்த சிஞ்ச்வட் குடியிருப்பின் செக்ரட்டரியை எல்லாரும் காக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். "எனக்கு அவரு அண்ணன், இந்த ஊருக்குச் சித்தப்பா. உனக்கு மட்டுந்தான் புள்ள அவரு பறவை," என்பார் லாத்தா. ஆட்கள் போகிறபோக்கில் சொல்கிற இந்த மாதிரிச் சொற்களை முடிந்து வைத்துக்கொள்வது என் பழக்கம். லாத்தாவிடமிருந்து மட்டும் ஒரு மூட்டை சேர்ந்திருக்கிறது.

எங்கள் இருவர் சமையலறை ஜன்னலும் மூன்றாம் மாடியில் ஒரே குல்மோகர் மரத்தைப் பார்த்து இருந்தன. அதில் ஒரு கிளை செத்துக் காய்ந்து நின்றது. அந்தக் கிளைக்குத்தான் ஒரு மரங்கொத்தி வந்தது. எனக்கு அதுவரை தெரிந்த மரங்கொத்தி பொன்முதுகுக்காரன் ஒருவன்தான். சிவப்புக் கொண்டை, குதிரை கனைக்கிற மாதிரி ஒரு சிரிப்பு, ஒளிந்துகொள்ளத் தெரியாதவன். இது மைனாவைவிடச் சின்னது. கறுப்பு முதுகில் சுண்ணாம்பு தெளித்த மாதிரிப் புள்ளிகள், மஞ்சள் நெற்றி, அடக்கமான குரல். பழைய புத்தகக் கடையில் வாங்கிய அட்டையில்லாத பறவைப் புத்தகத்தில் தேடி மூன்றாம் நாள் பெயரைப் பிடித்தோம்: மராட்டா மரங்கொத்தி.

"அப்ப இவன்தான் உள்ளூர்க்காரன். நாமதான் வாடகைக்கு வந்தவங்க," என்றார் லாத்தா.

"பின்னந்தலைல செவப்பு இருந்தா ஆணுங்க, இல்லீன்னா பொண்ணுங்க," என்று நான் படித்துச் சொன்னேன்.

"மரங்கொத்திக்கும் 'ங்க'வா? ஒங்க ஊர்ல கல்லுக்கும் மரியாதை குடுப்பீங்க போல."

லாத்தாவின் கணவர் கைலியும் அத்தரும் விற்கிற கடைக்குக் காலையில் போனால் ராத்திரிதான் வருவார். லாத்தாவுக்கு ஹிந்தி வரவேயில்லை. நான் வேலைக்குப் போன பிறகு அந்த மாடியில் அவருக்குப் பேச்சுத்துணை அந்த மரங்கொத்தி ஜோடிதான். சாயங்காலம் நான் வந்ததும், ஆண் எத்தனை தடவை எறும்பு கொண்டுவந்தது, பெண் எப்போது வந்து மாற்றிவிட்டது என்று ஒன்றுவிடாமல் சொல்வார். காய்ந்த மரத்தில்தான் அவை கூடு குடையுமாம்; அந்தக் கிளையில் குடைந்திருந்த பொத்தலுக்குள்ளிருந்து குஞ்சுகளின் குரல் கேட்டதை முதலில் சொன்னதும் அவர்தான்.

அந்த வாரம் கீழே நோட்டீஸ் ஒட்டினார்கள். மழைக்கு முன்னால் காய்ந்த கிளையை வெட்டப் போகிறோம், ஆட்சேபணை உள்ளவர்கள் எழுதித் தரவும்.

"நீ எழுது புள்ள. ஒனக்கு எழுதுறதுதானே வேல," என்றார் லாத்தா.

எழுதினேன். எனக்குத் தெரிந்த ஒரே மாதிரியில், பட்டறை ரிப்போர்ட் மாதிரி எழுதினேன். கிளையில் ஐந்து பொத்தல், அடிமரத்தில் இரண்டு. ஒன்றில் இப்போது குஞ்சுகள், மற்றவை பழையவை. தட்டினால் உள்ளே வெற்றுச் சத்தம். இத்தனை பழைய பொத்தல் இருப்பதால் இது இன்று நேற்று வந்த குடும்பம் இல்லை, பல வருஷமாக இருக்கிறது என்று நிரூபிப்பதாக எனக்கு நினைப்பு. காக்கா படித்துவிட்டு, "பஹுத் அச்சா", ரொம்ப நல்லது என்று கை கூப்பினார். அன்றைக்கு லாத்தா வீட்டில் முட்டையும் தேங்காய்ப்பாலும் சேர்த்த வட்டிலப்பம், அவர்கள் ஊர் விசேஷ இனிப்பு.

அடுத்த நோட்டீஸில் கிளை இல்லை, மரம் என்று இருந்தது. முழு மரம்.

ஓடினேன். காக்கா என் கடிதத்தை எடுத்து மேஜையில் வைத்தார். மரத்தை வெட்ட மாநகராட்சியிடம் அனுமதி கேட்ட மனுவோடு அதன் நகலைத்தான் இணைத்திருந்தாராம். "ஆப்னே ஹீ தோ லிக்கா ஹை, மேடம்," என்றார். நீங்கள்தானே எழுதியிருக்கிறீர்கள். அவர் ஒரு கிளைதான் கெட்டது என்று நினைத்திருந்தார். அடிமரத்திலும் பொத்தல் என்று என் கடிதத்தைப் பார்த்துத்தான் தெரிந்ததாம். கீழே குழந்தைகள் விளையாடுகின்றன. போன மழையில் பால்காரர் ஸ்கூட்டர்மேல் ஒரு கிளை விழுந்தது. அவர் சொன்னதில் ஒரு சொல்லைக்கூட என்னால் பொய் என்று சொல்ல முடியவில்லை. ஏழு பொத்தலோடு ஒரு துண்டு என் மேஜைக்கு வந்தால் நான் இரண்டாவது தட்டு தட்டமாட்டேன்.

"குஞ்சுகள் பறக்கும்வரை பொறுங்கள்" என்று கேட்டேன்.

"மழை பொறுக்குமா, மேடம்?" என்றார், கோபமில்லாமல்.

வெட்ட வந்த ஆள் நல்லவர். ரம்பத்தை நிறுத்திவிட்டுப் பொத்தலில் காதை வைத்துக் கேட்டார். அந்தத் துண்டை மட்டும் நீளமாக அறுத்து, கயிறு கட்டிக் குழந்தையை இறக்குகிற மாதிரி இறக்கினார். நானும் அவருமாகப் பக்கத்து வேப்பமரத்தில் ஆளுயரத்துக்கு மேலே நிறுத்திக் கட்டினோம். குஞ்சுகள் கத்திக்கொண்டுதான் இருந்தன.

மேலே வந்தபோது லாத்தா ஜன்னலில் நின்றிருந்தார். எதிரே வெறும் வானம். ஆண் மரங்கொத்தி எறும்புகளோடு வந்தது. கிளை இருந்த உயரத்துக்கு, பொத்தல் இருந்த இடத்துக்கு நேராக வந்து, அங்கே காற்றில் படபடவென்று நின்று, போய், திரும்பி வந்தது. பெண்ணும் அப்படியே. பத்தடி தள்ளிக் கீழே குஞ்சுகள் கூப்பிடுகிற பக்கம் இரண்டுமே திரும்பவில்லை.

"இந்தா இங்க இருக்குன்னு அதுக்குச் சொல்ல முடியாதா புள்ள?" என்றார் லாத்தா.

எனக்குத் தமிழ் தெரியும், ஹிந்தி தெரியும், மராத்தி சமாளிப்பேன். ஜன்னலில் நின்று கையை மட்டும் காட்டிக்கொண்டிருந்தேன். மறுநாள் சாயங்காலம் வேப்பமரத்தில் சத்தம் இல்லை.

லாத்தா அந்த வருஷமே காயலுக்குப் போய்விட்டார். நாங்கள் வாகட்டுக்கு வந்துவிட்டோம். போன மாதம் ஒரு கல்யாணத்துக்காக அந்தத் தெரு வழியாகப் போனேன். மரங்கள் நிறைய இருக்கின்றன, புதிதாகவும் நட்டிருக்கிறார்கள். எல்லாவற்றையும் ஒழுங்காகக் கழித்துவிட்டு அழகாக வைத்திருக்கிறார்கள். மரங்கொத்தி குடைய ஓர் இடமாவது இருக்கிறதா என்று கடைசிவரை அண்ணாந்து பார்த்துக்கொண்டே நடந்தேன். செத்த கிளை ஒன்றுகூட இல்லை.