பக்கெட்டில் கால் வைத்து எழுதியவர்

என் பெரியப்பாவுக்கு ஒரு குறை இருந்தது. அவரிடம் கிறுக்குத்தனம் எதுவுமே கிடையாது. எழுத்தாளராக இருக்கிற மனிதருக்கு இது எவ்வளவு பெரிய குறை என்பது அந்தப் புத்தகம் வீட்டுக்குள் வரும்வரை அவருக்கே தெரியாது.

கடலூர் மஞ்சக்குப்பத்தில் நாங்கள் எல்லோரும் ஒரே வீட்டில் இருந்தோம். கீழே அப்பா, அம்மா, நான். மாடியில் பெரியப்பாவும் பெரியம்மாவும். பெரியப்பா அரசாங்க ஆபீசில் கிளார்க். காலையில் டிபன் பாக்ஸோடு போவார், சாயங்காலம் காலி டிபன் பாக்ஸோடு வருவார். முகம் கழுவிக்கொண்டு மேஜை முன்னால் உட்கார்ந்து கதை எழுதுவார். யாரும் கேள்விப்பட்டிராத சின்னப் பத்திரிகைகளில் அவை வரும். வருகிற அன்றைக்கு அவராகவே எல்லோருக்கும் பக்கோடா வாங்கி வருவார். அதற்கு மேல் அவரிடம் ஒரு ஆர்ப்பாட்டமும் கிடையாது.

புத்தகம் சிதம்பரத்தில் ஒரு கல்லூரி புரொபசர் எழுதியது. விசித்திரமான ஓவியர்கள், எழுத்தாளர்கள் பற்றியது. பெரியப்பா அதை இரவுச் சாப்பாட்டின்போது எங்களுக்கு வாசித்துக் காட்டுவார். ஓர் ஓவியர் மூன்று நாள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்துவிட்டுத்தான் தூரிகையைத் தொடுவாராம். ஒரு சிற்பி உளியோடு சண்டை போட்டுக்கொண்டு இரண்டு வருஷம் அதோடு பேசவே இல்லையாம். ஒரு நாவலாசிரியருக்கு வீட்டில் சத்தம் இருந்தால்தான் எழுத வருமாம்; அதற்காக அவர் மனைவியும் மாமியாரும் முறை வைத்துக்கொண்டு கத்தினார்களாம். அப்பாவும் நானும் விழுந்து விழுந்து சிரிப்போம். பெரியப்பா மட்டும் சிரிக்கமாட்டார். பரீட்சையில் பக்கத்து பெஞ்சுப் பையனுக்கு மார்க் வந்ததைப் பார்க்கிற முகம் அது.

“எல்லாம் சரி, இவுங்களுக்கெல்லாம் சோறு யாரு போட்டாங்கன்னு ஒரு வரி இருக்கா பாருங்க” என்பாள் பெரியம்மா. அப்படி ஒரு வரியும் இருக்காது.

இரண்டாம் பாகம் தயாராகிறது என்று கடைசிப் பக்கத்தில் போட்டிருந்தது. பெரியப்பா எங்களிடம் சொல்லாமலேயே புரொபசருக்குக் கடிதம் எழுதிவிட்டார். அவரும் ஒரு ஞாயிற்றுக்கிழமை வருவதாகப் பதில் போட்டுவிட்டார். தங்களிடம் என்ன விசேஷம் என்பதை நேரில் பார்க்க ஆவலாக இருக்கிறேன் என்று எழுதியிருந்தார். அதைப் படித்ததும் பெரியப்பா கடிதத்தோடு கீழே அப்பாவிடம் இறங்கி வந்தார். இருபது வருஷமாக எழுதுகிறார், அவரைப் பற்றி ஒருத்தரும் ஒரு வரி எழுதியதில்லை. இதை விட்டால் இனி எவன் எழுதப்போகிறான் என்றார். பாவமாக இருந்தது.

அதனால் சனிக்கிழமை சாயங்காலம் குடும்பமே கூடி உட்கார்ந்து அவருக்கு ஒரு கிறுக்குத்தனம் தேடினோம். வெள்ளைக் காகிதமே வேண்டாம், காலண்டர் தாளின் பின்பக்கத்தில் எழுதுவதாகச் சொல்லலாம் என்றாள் அம்மா. அது கஞ்சத்தனம், கிறுக்குத்தனம் ஆகாது என்று அப்பா தள்ளிவிட்டார். நின்றுகொண்டு எழுதலாமா என்றால் பெரியப்பாவுக்கு முட்டி வலி. கடைசியில் அப்பாதான் கண்டுபிடித்தார்: பக்கெட் தண்ணீரில் கால் வைத்தால்தான் பேனா ஓடும். முட்டிக்கும் நல்லது.

“இருவது வருசமா குடும்பம் நடத்துறேன், இன்னிக்குத்தான் பைத்தியம்னு தெரியுது” என்று பெரியம்மா சிரித்தாள். ஆனால் பச்சை பக்கெட்டை அவள்தான் தேய்த்துக் கழுவி வைத்தாள்.

மறுநாள் புரொபசர் வந்தார். நல்ல மனுஷர்தான். வடை சாப்பிட்டார், மேஜையைப் பார்த்தார், மேஜைக்குக் கீழே பக்கெட்டையும் பார்த்தார். எத்தனை வருஷமாக இந்தப் பழக்கம் என்று கேட்டார். பெரியப்பா ஐந்து என்றார், அப்பா அதே நேரத்தில் பதினைந்து என்றார். ஆபீசில் எழுத நேர்ந்தால் என்ன செய்வீர்கள் என்று அடுத்த கேள்வி. பெரியப்பா அப்பாவைத் திரும்பிப் பார்த்தார். கதை கதையாக எழுதுகிற மனிதருக்கு வாயால் ஒரு பொய் சொல்ல வரவில்லை! புரொபசர் மெதுவாகப் பேனாவை மூடிச் சட்டைப் பையில் சொருகிக்கொண்டு, புவனகிரி வழியாகப் போகிற பஸ் எத்தனை மணிக்கு என்று விசாரித்தார்.

பெரியப்பா தலையைக் குனிந்துகொண்டார். என்னால் தாங்க முடியவில்லை. எனக்கு ஒன்பது வயது. அந்த வீட்டில் எனக்கு மட்டும் தெரிந்த ஒரு விஷயம் இருந்தது. யாரிடமும் சொல்லக்கூடாது என்று பெரியம்மா என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள். அதைச் சொல்லிவிட்டேன்.

பெரியப்பா சில கதைகளை எழுதிவிட்டுக் கிழித்துப் போடுவார். பொடிப்பொடியாக. அவர் ஆபீஸ் போன பிறகு பெரியம்மா குப்பைக்கூடையிலிருந்து அந்தத் துண்டுகளை எடுத்துத் தரையில் பரப்பி, ஒன்றோடு ஒன்று பொருத்தி, சோற்றுப் பருக்கையைத் தேய்த்து ஒட்டுவாள். ஓரத் துண்டுகளைக் கண்டுபிடித்துக் கொடுப்பது என் வேலை. லீவு நாட்களில் எங்கள் இரண்டு பேருக்கும் அதுதான் விளையாட்டு. ஒட்டிய தாள்கள் பீரோவில் புடவைக்கு அடியில் ஒரு கட்டு இருக்கிறது என்பது வரைக்கும் ஒரே மூச்சில் சொல்லி முடித்தேன்.

புரொபசர் பையிலிருந்து பேனாவை உருவிவிட்டார்.

“சார், இதுக்கு மேல என்ன வேணும்? ஒருத்தர் எழுதி எழுதிக் கிழிக்கிறார், ஒருத்தர் எடுத்து ஒட்டுறாங்க! மூணு பக்கம் தர்றேன். ரெண்டு பேரும் சேர்ந்தாப்புல ஒரு போட்டோ. அம்மா, அந்தத் தாளுங்கள ஒரு தடவ காட்டுங்களேன்” என்றார்.

பெரியம்மா காபி டம்ளரோடு நின்றாள். பெரியப்பா அவளைப் பார்த்தார். அப்படி அவர் அவளைப் பார்த்து நான் பார்த்ததில்லை. ஒரு கண்ணசைவு போதும், அவள் பீரோவைத் திறந்திருப்பாள். மூன்று பக்கம், போட்டோவோடு! நான் எழுந்து நின்றே விட்டேன்.

பெரியப்பா பக்கெட்டைக் காலால் இழுத்து, இரண்டு காலையும் தண்ணீருக்குள் வைத்தார்.

“அது எதுவும் வேணாம் சார். கொழந்த ஏதோ சொல்லுது. நீங்க பக்கெட்டையே எழுதிக்கோங்க” என்றார்.

நாலைந்து மாதம் கழித்துப் புத்தகம் வந்தது. பெரியப்பாவுக்கு மூன்று வரி, போட்டோ இல்லை. ஆபீசில் அவர் ரிட்டயர் ஆகும்வரை “சார், பக்கெட் கொண்டாரட்டுமா?” என்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவரும் கூடச் சேர்ந்து சிரித்துவைப்பார். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வரும். கைக்கு எட்டியதைத் தட்டிவிட்ட மனுஷர் என்று ரொம்ப வருஷம் அவர்மேல் கோபமாகவே இருந்தேன்.

நான் காலேஜில் சேர்ந்த பிறகு ஒருநாள் அம்மா சொன்னாள். பெரியப்பா புவனகிரியில் வேலையாக இருந்தபோது அவர்களுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்ததாம். நான் பிறப்பதற்கு நாலு மாதம் முன்னால். பத்து நாள்கூட இருக்கவில்லையாம். அதன் பிறகு வீட்டில் யாரும் அந்தப் பேச்சை எடுத்ததில்லை; அவர்கள் இரண்டு பேருமே ஒருத்தரிடம் ஒருத்தர் எடுத்ததில்லை. கிழித்த கதைகளில் எல்லாம் ஒரே ஒரு சின்னப் பெண்தான் வருவாள். பெயர் இருக்காது, பாப்பா என்றுதான் இருக்கும். ஒன்றில் வெள்ளாற்றுப் பாலத்தில் சைக்கிளின் முன்கம்பியில் உட்கார்ந்து போவாள், இன்னொன்றில் ஸ்கூலுக்குப் போகமாட்டேன் என்று தூணைக் கட்டிக்கொள்வாள். வருஷத்துக்கு ஒரு வயது அவளுக்கு ஏறிக்கொண்டே வந்தது. பெரியம்மா கண்ணில் படக்கூடாது என்றுதான் பெரியப்பா கிழித்திருக்கிறார்.

புரொபசர் வந்துபோன அன்றைக்கு எனக்கு இது எதுவும் தெரியாது. சத்தியத்தை மீறிவிட்டதற்கு அடி விழும் என்று சாயங்காலம் வரை ஒளிந்திருந்தேன். விழவில்லை என்றதும் மன்னிப்புக் கேட்கலாம் என்று மாடிக்குப் போனேன். இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் அந்தக் கட்டு பிரிந்து கிடந்தது. பெரியப்பா ஒரு தாளைக் கையில் வைத்துத் தாழ்ந்த குரலில் படித்துக்கொண்டிருந்தார்.

“முன்பல்லு விழுந்தது அஞ்சு வயசுலன்னு எழுதியிருக்கீங்க. ஆறு வயசுலங்க” என்றாள் பெரியம்மா. பெரியப்பா தலையாட்டிவிட்டு, பேனாவை எடுத்து அதைத் திருத்தினார்.

எனக்கு ஒரே பெருமையாகிவிட்டது. ஓடிப்போய் பெரியம்மா மடியில் உட்கார்ந்து, “இதுல வர்ற பாப்பா நான்தானே?” என்று கேட்டேன்.

பெரியம்மா என் தலையைத் தடவினாள். “ஆமாம்மா. நீதான்.”

அப்படியென்றால் இதுவும் தப்பு, எனக்குப் பல் விழுந்தது ஏழு வயதில், ஏழு என்று போடுங்கள் என்று பெரியப்பாவின் கையைப் பிடித்து இழுத்தேன். அவர் பேனாவை வைத்துக்கொண்டு பெரியம்மாவைப் பார்த்தார்.

“ஆறே இருக்கட்டும்” என்றாள் அவள்.

என் பல் எப்போது விழுந்தது என்று எனக்குத் தெரியாதா? நான் கோபித்துக்கொண்டு கீழே இறங்கி வந்துவிட்டேன்.