வெள்ளி மைக்கு அடியில்

தேநீர்க் கடையில் பேச்சை நடுவில் நிறுத்திவிட்டு, எழுத்தாளர் தெத் லுவின், அடுத்த மேசையைத் திரும்பிப் பார்க்கிறார். ஒருகாலத்தில் அங்கே உளவாளி உட்கார்ந்திருப்பான். இப்போது சிம் கார்டு விற்பவன் நூடுல்ஸ் உறிஞ்சிக்கொண்டிருக்கிறான். ஆனாலும் குரல் தாழ்கிறது.

"கதையோட உயிரே அந்தப் பக்கத்துலதான். அதத்தான் அழிச்சானுங்க."

ரங்கூனில் எழுத்தாளரை 'சயா' என்போம். இவர் ஒரே கதையால் சயா ஆனவர். ராணுவத்தின் தணிக்கைக்காரர்கள் அதன் கடைசிப் பக்கம் முழுக்க வெள்ளி மை பூசினார்கள். பள்ளி நாட்களில் நாங்கள் அதில் எண்ணெய் தடவித் தேய்த்தோம். காகிதம்தான் கிழிந்தது; மரியாதை கூடியது.

நான் ஊர் சுற்றிவிட்டுத் திரும்பியபோது தணிக்கையே இல்லை. நாடே பேசிக்கொண்டிருந்தது. அணையைப் பற்றிக் கூட்டம், அரசியல் சட்டத்தைப் பற்றிக் கூட்டம். எல்லா மேடையிலும் சயாவுக்கு நடு நாற்காலி, கழுத்தில் மல்லிகை. அந்தப் பக்கத்தில் என்ன இருந்தது என்று கேட்டால், மாணவர்களிடம் ஒரு தளபதி என்பார். வெளிநாட்டு நிருபர்களிடம் ஒரு பிக்கு. பெண்களிடம் ஒரு முத்தம்.

புதிய நாளிதழின் ஆசிரியை மா நந்தார் அதை அப்படியே நம்பிவிட்டாள். அழிந்த பக்கத்தை வெளியிட ஞாயிறு மலரில் முழுப் பக்கம் ஒதுக்கி, விளம்பரமும் போட்டாள்.

"கைப்பிரதியக் கரையான் தின்னுடுச்சு, மகளே."

"மனசுல இருக்குல்ல சயா? தெனமும் சொல்றீங்களே. உக்காந்து எழுதுங்க. இப்ப யாரு தடுக்கப் போறா?"

"எழுதாட்டி?"

"எழுதாட்டி, இத்தன வருசமா எதச் சொன்னீங்கன்னு ஊரு கேக்கும். நானும் கேப்பேன்."

அவர் தேநீரில் சர்க்கரையைக் கலக்கினார். ஏற்கெனவே கலக்கியதுதான்.

சனிக்கிழமை அதே கடைக்கு உறையோடு வந்தார். அவள் பிரித்தாள். மேலே தலைப்பு, கீழே கையெழுத்து. இடையில் பளபளவென்று வெள்ளிப் பூச்சு.

"என்ன சயா இது?"

"இப்படியே போடும்மா. ஜனங்களுக்கு இப்படித்தான் பழக்கம்."

"அடியில என்ன இருக்கு?"

"அடியிலயா? எல்லாமே இருக்கு!"

அவள் தாளைத் திருப்பி, பூச்சுக்கு நேர் பின்பக்கத்தை விரலால் மெல்லத் தடவினாள். பேனா அழுத்திய தடம் ஒன்றுகூட இல்லை. என்னிடம் நீட்டினாள், நானும் தடவினேன். வழவழவென்று இருந்தது.

"சயா," என்று அவள் ஆரம்பித்தாள்.

அவர் சட்டென்று அடுத்த மேசையைப் பார்த்தார். அங்கே யாருமே இல்லை. "உஷ்!" என்று விரலை உதட்டில் வைத்தார். எடுத்தபோது உதட்டில் வெள்ளி ஒட்டியிருந்தது.