இரண்டு கூடைக் கல்

போன வருடம் சென்னையில் என் மகள் என்னைப் பூமிக்கடியில் ஓடும் ரயிலைக் காட்ட அழைத்துப்போனாள். படி தானாகவே கீழே இறங்கியது. இறங்கிப் பார்த்தால் பெரிய கல்யாண மண்டபம் அளவுக்கு ஒரு ஸ்டேஷன். பளபளவென்று தரை, சில்லென்று காற்று. "எப்படிம்மா இருக்கு?" என்று நொடிக்கொரு தரம் கேட்டுக்கொண்டே வந்தாள். நான் அண்ணாந்து கூரையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அங்க என்னம்மா பாக்குற?"

"தலையில கூடையோட ஒரு பொம்பள போகலாமான்னு பாக்குறேன்."

"கூடையா? இங்க யாரும்மா கூடையத் தூக்கிட்டு வரப்போறா?" என்று சிரித்தாள்.

அவள் சிரித்ததில் தப்பில்லை, அவளுக்குத் தெரியாது. ஆனால் இதே கேள்வியை இதே சிரிப்போடு அறுபது வருடங்களுக்கு முன்னால் திண்டுக்கல்லில் ஒருவர் கேட்டார். அந்த ஆத்திரம் எனக்கு இன்னும் ஆறவில்லை. ஆறவும் வேண்டாம்.

எங்கள் ஊர் தண்டவாளத்துக்குக் கிழக்கே இருந்தது. கடைத்தெருவும் காய்கறி மார்க்கெட்டும் மேற்கே. கத்தரி, அவரை, வெண்டை என்று எது விளைந்தாலும் ரயில்வே கேட்டைத் தாண்டித்தான் கொண்டுபோக வேண்டும். ஆண்களுக்கு மாட்டுவண்டி இருந்தது, வசதியுள்ளவர்களுக்கு சைக்கிளும் இருந்தது. பெண்களுக்குத் தலைதான். சேலைத் துணியைச் சுருட்டிச் சும்மாடு கட்டி, அதன்மேல் கூடையை வைத்து, அம்மாவும் நானும் விடிந்ததும் கிளம்பிவிடுவோம். எனக்கு அப்போது பதினேழு பதினெட்டு வயது இருக்கும். நேர் எதிரே மலைக்கோட்டை தெரியும். நடுவே அந்த கேட்.

அது ஜங்ஷன் அல்லவா. மதுரைக்கு ஒரு வண்டி, திருச்சிக்கு ஒரு வண்டி, பழனிக்கு ஒரு வண்டி. போதாக்குறைக்கு ஷண்டிங் வேறு. ஒற்றை என்ஜின் முன்னால் போகும், பின்னால் வரும், நின்று புஸ்ஸென்று ஆவி விடும், மறுபடி முன்னால் போகும். கேட்டைத் திறக்கமாட்டார்கள். தலையில் சுமையோடு நிற்கிறவளுக்குக் கழுத்து உள்ளே இறங்கிவிடும்.

தலைச்சுமையைப் பற்றித் தெரியாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பெரிய கூடையை ஒருத்தியாக இறக்கவும் முடியாது, ஏற்றவும் முடியாது. இன்னொரு ஜோடிக் கை வேண்டும். "செத்த தூக்கிவிடு ஆத்தா" என்று கேட்டால் எங்கள் பக்கத்தில் யாரும் மாட்டேன் என்று சொன்னதில்லை. தண்ணீர்த் துறையில்கூட ஆள் பார்த்து ஒதுக்கி வைத்த ஊர்தான் எங்களுடையது, அதில் பெருமை ஒன்றும் கிடையாது. ஆனால் சுமைக்குக் கை கொடுப்பதில் மட்டும் யாரும் எதையும் பார்க்கவில்லை. முந்தின நாள் தலைமுடியைப் பிடித்துச் சண்டை போட்டவள்கூட முகத்தைத் திருப்பிக்கொண்டே வந்து தூக்கிவிட்டுப் போவாள்.

அந்த கேட்டுக்குப் பக்கத்தில்தான் என் அக்காவின் கல் இருந்தது.

அக்கா உள்ளூரிலேயே வாக்கப்பட்டவள். எட்டு மாதக் கர்ப்பத்தில் ஜன்னி கண்டு செத்துப்போனாள். அப்படி வயிற்றுப் பிள்ளையோடு போகிறவள் இறக்கி வைக்க முடியாத சுமையோடு போகிறாள் என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. அதனால் அவள் பேரில் வழியோரம் ஒரு சுமைதாங்கி நடுவார்கள். இரண்டு கல்லை நட்டு, குறுக்கே ஒரு பலகைக்கல்லைத் தலை உயரத்துக்குக் கிடத்துவார்கள். சுமையோடு வருகிறவள் யார் உதவியும் இல்லாமல் கூடையை அதன்மேல் நகர்த்தி வைத்துவிட்டு இளைப்பாறலாம். அப்படி ஒவ்வொருத்தி இறக்கும்போதும் செத்தவளின் சுமையும் கொஞ்சம் இறங்கும்.

கல்தச்சர் அப்பாவிடம், "ஒரு கூடைக்கு எடம் போதும்ல அப்பு?" என்று கேட்டார்.

"ரெண்டு கூடைக்கு இருக்கட்டும். போனது ரெண்டு உசிருல்ல" என்றார் அப்பா.

கல்தச்சர் கல்லை நீளமாக எடுத்து, மேலே லேசாகக் குழித்து, கூடை அடி உட்காருகிற மாதிரி இரண்டு வட்டம் கொத்திக் கொடுத்தார், அக்காவுக்கு ஒன்று, அவள் பிள்ளைக்கு ஒன்று. தினமும் அம்மா ஒரு வட்டத்தில் தன் கூடையை வைப்பாள், இன்னொன்றில் என் கூடையை வைக்கச் சொல்வாள். ஒரு நாள் கேட் திறந்தே கிடந்தது. நான் நேரே போகப்போனேன். "ஏத்தா, நில்லு. இறக்கி வச்சுட்டுப் போ. அவ கொஞ்ச நேரம் மூச்சு விடட்டும்" என்றாள். அம்மா அதற்குமேல் அக்காவைப் பற்றி அழுது நான் பார்த்ததில்லை. அந்தக் கல் இருந்தது, அது போதும் அவளுக்கு.

கேட்டை மூடி, வண்டிகளைச் சுற்றுவழியில் விட்டுவிட்டு, நடக்கிறவர்களுக்குத் தண்டவாளத்துக்கு அடியில் சுரங்கப்பாதை போடப் போகிறார்கள் என்றதும் ஊரே குதித்தது. இனி ரயிலுக்காக நிற்க வேண்டாம் பாருங்கள்! அதிகாரி ஒருவர் வந்து ஊர்க்கூட்டம் போட்டார். எப்போது? காலையில். பெண்கள் எல்லோரும் மார்க்கெட்டில் இருக்கிற நேரத்தில். கூட்டத்தில் இருந்ததெல்லாம் மீசைகள்தான்.

"பாதைக்கு எவ்வளவு உயரம் வேணும்? உங்க ஊர்ல ரொம்ப உயரமான ஆள் யாரு, கூப்பிடுங்க" என்றாராம் அந்த அதிகாரி.

எங்கள் ஊரில் ஒரு நெட்டையர் இருந்தார். வாசலில் குனியாமல் எந்த வீட்டுக்குள்ளும் நுழைய முடியாதவர். அவரை மாப்பிள்ளை மாதிரி முன்னால் கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறார்கள். அவர் உருமாலை இறுக்கிக் கட்டிக்கொண்டு விறைப்பாக நின்றிருக்கிறார். அளந்து, அதற்குமேல் ஒரு சாண் கூட்டிப் போட்டுக்கொண்டு போய்விட்டார் அதிகாரி. ஊர்ப் பெரிய மனிதர்களுக்கு ஒரே பெருமை. "நம்ம நெட்டையனே நிமிந்து போகலாம்" என்று ஒரு வாரம் டீக்கடையில் இதே பேச்சு. தினமும் தன் பெண்டாட்டியின் தலையில் கூடையைத் தூக்கி வைக்கிற கைகள் அத்தனையும் அந்தக் கூட்டத்தில்தான் இருந்தன. ஒருத்தன் வாயிலிருந்தாவது கூடை என்று ஒரு வார்த்தை வந்ததா? வரவில்லை. இப்போது எழுதும்போதும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

வேலை நடந்தபோது கேட்டைச் சுற்றித் தகரம் அடித்துவிட்டார்கள். நாங்கள் சுற்றுவழியில் போய்வந்தோம். அம்மா தகர இடுக்கில் கண்ணை வைத்துப் பார்ப்பாள். கல் உள்ளே நின்றுகொண்டிருந்தது. "அந்தக் கல்லப் பாத்துக்கங்க அய்யா" என்று காண்ட்ராக்டரின் ஆளிடம் சொன்னாள். "கல்லு எங்கம்மா ஓடிரப் போவுது?" என்றான் அவன்.

திறப்பு விழா அன்று பூமாலை, ரிப்பன், எலுமிச்சம்பழம் எல்லாம் அமர்க்களம். நெட்டையர்தான் முதலில் நடந்தார். கைதட்டினார்கள். அதன்பிறகு எங்கள் தெருக்காரி ஒருத்தி கூடையோடு இறங்கினாள். படி முடிந்து பாதைக்குள் நுழைந்ததும் மடாரென்று கூடை கூரையில் இடித்தது. கத்தரிக்காய் அத்தனையும் தரையில் உருண்டது. ஆண்கள் சிரித்தார்கள். அதிகாரியிடம் யாரோ போய்ச் சொன்னார்கள். "தலையில கூடையா? அதையெல்லாமா கணக்குல சேர்க்க முடியும்?" என்று அவரும் சிரித்தார்.

அன்றிலிருந்து அதற்குப் பொந்து என்று பெயர் வைத்துவிட்டோம். இந்த வாயில் இறக்கி, இடுப்பில் இடுக்கிக்கொண்டு குனிந்து போய், அந்த வாயில் ஒருத்திக்கொருத்தி தூக்கிவிட வேண்டும். முன்பாவது கேட் எப்போதாவது திறந்தது.

ஆனால் அம்மா அன்று கத்தரிக்காயையும் பார்க்கவில்லை, கூரையையும் பார்க்கவில்லை. தகரத்தைப் பிரித்த இடத்தில் சுற்றிச் சுற்றி வந்தாள். கல் இல்லை. நட்ட கல்லும் இல்லை, பலகைக்கல்லும் இல்லை. காண்ட்ராக்டரின் ஆளைப் பிடித்துக் கேட்டால், "எந்தக் கல்லு?" என்கிறான். என்ன திமிர் பாருங்கள்!

வீட்டுக்கு வந்து சொன்னால் அப்பா, "விடு, வேற கல்லு நட்டுக்கலாம். கவருமெண்டோட நாம மல்லுக்கட்ட முடியுமா?" என்றார்.

அம்மா சோற்றுச் சட்டியை இறக்கி வைத்துவிட்டு, "வேற கல்லு நடணும்னா வேற மக சாகணும்" என்றாள். அன்றைக்கு வீட்டில் யாரும் சாப்பிடவில்லை.

அதற்கப்புறம் அம்மா நிற்கிற இடமெல்லாம் நிலைகொள்ளாமல் நின்றாள். "எங்க இறக்கி வைப்பா, எங்க இறக்கி வைப்பா" என்று வாய் முணுமுணுக்கும். களை எடுக்கும்போதும் அதுதான். எனக்கு அந்த அதிகாரியின் சட்டையைப் பிடித்து உலுக்க வேண்டும்போல் இருக்கும். உலுக்கவில்லை. பெண்ணாகப் பிறந்தவள் அன்றைக்குச் சட்டையைப் பிடிக்கலாமா?

ஐப்பசி மழையில் பொந்து நிறையத் தண்ணீர் தேங்கி, மெல்ல வடிந்தது. வடிந்த மறுநாள் காலையில் நாங்கள் இறங்கினோம். வெயில் பின்னாலிருந்து நேராகப் படியில் விழுந்தது. கடைசிப் படியில் மேல்பூச்சும் சேறும் கழுவிப்போய், வட்டமாக ஓரிடத்தில் மட்டும் தண்ணீர் நின்றது. அம்மா நின்றுவிட்டாள். குனிந்து முந்தானையால் அந்தத் தண்ணீரைத் துடைத்தாள். இடுப்பில் இருந்த கூடையை அந்த வட்டத்தில் வைத்தாள். கச்சிதமாக உட்கார்ந்தது.

அத்தனை மாதமும் மிதித்திருக்கிறோம். நான் மிதித்திருக்கிறேன். பெற்றவளும் மிதித்திருக்கிறாள். செத்த பெண்ணின் கல்லைப் பெயர்த்து எடுத்து, அவள் அம்மா காலாலேயே மிதிக்க வைத்தார்களே, அவர்களை என்னவென்று திட்டுவது? எனக்குத் தெரிந்த வசவு எதுவும் போதவில்லை.

அம்மா அந்தப் படியிலேயே உட்கார்ந்துகொண்டாள். யாரையும் கால் வைக்க விடவில்லை. பின்னால் வந்த பெண்களும் விஷயம் தெரிந்ததும் படிகளில் கூடைகளோடு உட்கார்ந்துவிட்டார்கள். பாதை அடைபட்டது. சைக்கிளைத் தூக்கிக்கொண்டு இறங்க வந்தவர்கள் மேலே நின்று கத்தினார்கள். கடைசியில் அதே அதிகாரி வந்தார். வெள்ளைக் கால்சட்டை, கையில் குடை.

"என்னம்மா கலாட்டா இது? வழில உக்காரக் கூடாது."

"இது எம் மக கல்லு சாமி. எடுத்துக் குடுத்துருங்க."

"கல்லு எல்லாம் ஒண்ணுதான். எழுந்திரு. கூடையை எடு."

"ஒருத்தியாத் தூக்க முடியாது சாமி. செத்த தூக்கிவிடுங்க."

அம்மா அதை எதிர்த்துச் சொல்லவில்லை. வழக்கமாகக் கேட்பதைக் கேட்டாள், அவ்வளவுதான். அவர் கூடையைப் பார்த்தார், மண் ஒட்டின கத்தரிக்காயைப் பார்த்தார், தன் கால்சட்டையைப் பார்த்தார். "யாராவது தூக்கி விடுங்க" என்று பொதுவாகச் சொன்னார். யாரும் அசையவில்லை. கேட்டது அவரை அல்லவா? "சனியன்கள்" என்று சொல்லிவிட்டு மேலேறிப் போய்விட்டார். சுமைக்குக் கை கொடுக்க மாட்டேன் என்ற ஆளை என் வாழ்க்கையில் அன்றைக்குத்தான் முதன்முதலாகப் பார்த்தேன். படியெங்கும் பெண்கள் த்தூ என்றார்கள்.

அவர் தலை மறைந்ததும் நெட்டையர் கடப்பாரையோடு இறங்கி வந்தார். திறப்பு விழாவுக்குப் பிறகு அவர் எங்கள் தெருப்பக்கம் முகம் காட்டியதே இல்லை. "நகருங்க ஆத்தா" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு, இரண்டு பக்கச் சுவர்ப் பூச்சையும் உடைத்தார். கல்லின் மீதிப் பகுதியும் இன்னொரு வட்டமும் சுவருக்குள் இருக்கும் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். நெம்பியதும் கல் வந்தது. பாதிதான் வந்தது. படியின் அகலத்துக்கு உளியால் வெட்டியிருந்தார்கள். வெட்டு வாய் இன்னும் வெள்ளையாக இருந்தது.

மற்ற பாதியை அந்தக் காண்ட்ராக்டரின் ஆளிடம் போய்க் கேட்டோம். "அதெல்லாம் அப்பவே ஒடச்சு அடியில போட்டு மேல சிமெண்டு பூசியாச்சு" என்றான்.

அப்பாவும் நெட்டையருமாகப் புதிதாக இரண்டு கல்லை நெருக்கி நட்டு, கிடைத்த பாதியைக் குறுக்கே கிடத்தி, பொந்தின் வாய்க்கு மேலேயே நிறுத்தினார்கள். யாரும் வந்து தடுக்கவில்லை.

மறுநாள் காலையில் நானும் அம்மாவும் தலையில் கூடையோடு அதன்முன் வந்து நின்றோம். ஒரே ஒரு வட்டம். நான் ஒதுங்கி அம்மாவுக்கு இடம் விட்டேன். அவள் இறக்கவில்லை.

"நீ இறக்கு" என்றாள்.

"நீங்க இறக்குங்கம்மா. உங்க கூடைதான் கனம்."

"நீ இறக்கு ஆத்தா. அவ இறக்கி வைக்கட்டும். பிள்ளைக்கு நான் தொணையா நிக்கிறேன்."